வெட்டு மேசையும் லித்தோக் கல்லும்: திரைக்குப் பின்னாலிருந்த தொழில் மரபும் சிவகாசி வட்டாரமும்

தமிழ்த் திரைப்பட வரலாறு பெரும்பாலும் நடிகர், இயக்குநர், பாடலாசிரியர் ஆகியோரின் பெயர்களைக் கொண்டே எழுதப்பட்டு வந்துள்ளது. ஒளிப்பதிவாளருக்கும் இசையமைப்பாளருக்கும் அவ்வரலாற்றில் ஓரளவு இடம் கிடைத்தபோதிலும், படத்தொகுப்பாளரும் அவருடைய உதவியாளர்களும், ஆய்வகப் பணியாளரும், சுவரொட்டி அச்சிட்ட லித்தோத் தொழிலாளரும், திரையரங்கின் மாடி அறையில் கருவியை ஓட்டிய ஆபரேட்டரும் பெயர்ப்பட்டியலின் ஒரு வரியாகவோ, அதுவும் இன்றியோ நின்றுவிட்டனர். இவர்களுடைய தொழில் வாழ்க்கையை அருகருகே வைத்துப் பார்த்தால் பொதுவான ஒரு போக்கு புலப்படும். வேலைக்குச் சேர்ந்த துறையிலேயே இறுதிவரை இருந்தவர்கள் இவர்களுள் குறைவு. ஆய்வகத்திலிருந்து படத்தொகுப்புக்கும், அங்கிருந்து இயக்கத்துக்கும், நாடகத் திரைச்சீலையிலிருந்து சினிமா பேனருக்கும், பேனரிலிருந்து நாட்காட்டிக்கும் என்று துறை மாறிக்கொண்டே இருந்தவர்கள் பலர். பயிற்சி நிறுவனங்கள் பரவலாவதற்கு முன்பு, இந்தத் துறைமாற்றமே இத்தொழிலின் பள்ளிக்கூடமாக இருந்தது. ஸ்டூடியோக்களுக்குப் பெயர் பெறாத விருதுநகர், சிவகாசி வட்டாரத்தை இந்தக் கோணத்திலிருந்து நோக்கினால், தமிழ்த் திரைப்படத் தொழிலோடு அதற்கிருந்த உறவு எதிர்பார்ப்பதைவிட நெருக்கமானது என்பது விளங்கும்.

படத்தொகுப்பு அறை

தனித்தனியாகவும் முன்பின்னாகவும் எடுக்கப்பட்ட காட்சித் துண்டுகளைத் தேர்ந்து, வேண்டாதவற்றை நீக்கி, எஞ்சியவற்றைக் கதைக்கும் ஒலிக்கும் இசைய வரிசைப்படுத்துவதே படத்தொகுப்பு. 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள் உண்டு; நொடிக்கு 24 சட்டங்கள் ஓடுவதால் ஒரு நிமிடக் காட்சிக்கு 90 அடி ஃபிலிம் வேண்டும். இக்கணக்கின்படி இரண்டரை மணி நேரப் படம் ஒன்றின் நீளம் 13,500 அடி. படப்பிடிப்பில் செலவாகும் ஃபிலிமோ இதைப்போலப் பல மடங்கு. அந்த மலைபோன்ற சுருள்களிலிருந்து வேண்டிய துண்டை வேண்டிய நேரத்தில் எடுத்துக் கொடுப்பதுதான் உதவியாளரின் முதல் வேலை.

ஆய்வகத்திலிருந்து வரும் முதற்பிரதிக்கு ரஷ் என்று பெயர். கிளாப் பலகையின் கட்டைகள் ஒன்றோடொன்று மோதும் சட்டத்தைப் படச்சுருளிலும், அந்த மோதலின் ஓசையை ஒலிச்சுருளிலும் கண்டுபிடித்து, இரண்டையும் ஒரே புள்ளியில் இணைத்தால்தான் வாயசைவும் குரலும் பொருந்தும். பின்னர், சரிவராத டேக்குகள் 'என்.ஜி.' என்று ஒதுக்கப்படும். பயன்படும் துண்டுகள் எண்ணிடப்பட்டு, துணி விரித்த தொட்டிக்கு மேலுள்ள கொக்கிகளில் வரிசையாகத் தொங்கவிடப்படும். படத்தொகுப்பாளர் மூவியோலா என்னும் நின்றவாக்கிலான பார்வைக் கருவியிலோ, பிற்காலத்தில் ஸ்டீன்பெக் என்னும் மேசைக் கருவியிலோ படத்தை ஓட்டிப் பார்த்து, வெட்ட வேண்டிய சட்டத்தில் மெழுகுப் பென்சிலால் கோடிடுவார். வெட்டி ஒட்டிய முதல் வடிவம் ரஃப் கட். பலமுறை திருத்தி இறுதி வடிவம் உறுதியான பின்னரே நெகட்டிவ் வெட்டப்படும். ஃபிலிமின் ஓரத்தில் அடிதோறும் அச்சாகியிருக்கும் எண்களைப் பிரதியின் எண்களோடு ஒத்துப் பார்த்து, வெள்ளைக் கையுறை அணிந்த கைகள் இதனைச் செய்யும். நெகட்டிவ் ஒன்றே ஒன்றுதான் என்பதால் இங்கு தவறான இடத்தில் விழுந்த கத்தரியின் சேதத்தைச் சரிசெய்ய வழியில்லை.

இந்த அறை பல இயக்குநர்களை உருவாக்கியதற்குக் காரணம் வெளிப்படையானது. ஒளியளவில் நேர்ந்த பிசகு, நடிகரின் தயக்கம், வசனத்தின் மிகை, ஒரு காட்சியிலிருந்து அடுத்ததற்குத் தாவும்போது மாறிவிட்ட உடை என எல்லாத் துறைகளின் குறைகளும் ஒன்றுவிடாமல் வந்து சேரும் இடம் இதுவே. மற்றவர்கள் தத்தம் துறையை மட்டும் கண்டபோது, படத்தொகுப்பு உதவியாளர் அனைத்துத் துறைகளின் விளைவையும் நாள்தோறும் கண்டார். பிந்தைய காலத்தில் ஆர். கிருஷ்ணனும் எஸ். பஞ்சுவும் இணைந்து பெற்ற புகழுக்கு இத்தகைய பயிற்சியே அடித்தளம். ஆய்வகப் பணியிலிருந்து வந்தவர் கிருஷ்ணன், படத்தொகுப்பிலிருந்து வந்தவர் பஞ்சு. 1944இல் வெளிவந்த 'பூம்பாவை'யில் தொடங்கிய இவர்களது இயக்கம் 1952இன் 'பராசக்தி'யில் உச்சம் தொட்டது. இயக்குநரான பின்னரும் பஞ்சு படத்தொகுப்பை விட்டுவிடவில்லை. 'பஞ்சாபி' என்ற பெயரில் தம் படங்களைத் தாமே தொகுத்தார்.

இவர்களிடம் உதவிப் படத்தொகுப்பாளராகச் சேர்ந்த ஏ. பீம்சிங், 1954இல் 'அம்மையப்பன்' வழியாக இயக்குநராகி, 1961 என்ற ஒரே ஆண்டில் 'பாவ மன்னிப்பு', 'பாசமலர்' ஆகிய இரண்டையும் தந்தார். ஏவி.எம். ஸ்டூடியோவின் படத்தொகுப்புப் பிரிவில் வேலை கற்ற எஸ்.பி. முத்துராமன் 1972இல் 'கனிமுத்துப் பாப்பா'வை இயக்கினார். 'குடியிருந்த கோயில்', 'அடிமைப்பெண்' ஆகியவற்றை இயக்கிய கே. சங்கரும் படத்தொகுப்பிலிருந்து வந்தவரே. பீம்சிங்கின் மகன் பி. லெனின் தந்தையின் மேசைக்கே திரும்பினார். 'உதிரிப்பூக்கள்' (1979) படத்தைத் தொகுத்த அவர், வி.டி. விஜயனுடன் இணைந்து 'நாயகன்' (1987) உள்ளிட்ட பல படங்களைத் தொகுத்து, 'காதலன்' (1994) படத்துக்காகத் தேசிய விருதும் பெற்றார். 'நாக் அவுட்' என்ற குறும்படத்தையும், ஜெயகாந்தனின் கதையை ஒட்டிய 'ஊருக்கு நூறுபேர்' என்ற படத்தையும் இயக்கிய அவருக்குப் பின்னதன் பொருட்டுச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதும் கிடைத்தது. தந்தை படத்தொகுப்பைப் படியாக ஏறி இயக்கத்தை அடைந்தார் எனில், மகனோ இயக்கியபோதும் படத்தொகுப்பாளராகவே தம்மை வைத்துக்கொண்டார்.

தேசியத் திரைப்பட விருதுகள் 1954இல் தொடங்கியபோதும், படத்தொகுப்புக்கான தனி விருது 1976ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் வழங்கப்பட்டது. ஏறத்தாழ இருபதாண்டு காலம் அரசின் கண்ணில் படாதிருந்த இத்தொழிலில், அப்ரெண்டிஸ், உதவியாளர், அசோசியேட், எடிட்டர் என்ற படிவரிசையும், அதற்கு வேண்டிய சங்க உறுப்பினர் அட்டையும் மட்டுமே ஒருவரின் தகுதிக்குச் சான்றாக நின்றன.

தீக்குச்சி பெற்ற அச்சுத்தொழில்

சென்னையிலும் கோவையிலும் இவ்வாறு மனிதர்கள் துறை மாறியபோது, சிவகாசியில் தொழில்களே ஒன்றிலிருந்து மற்றொன்றாகக் கிளைத்தன. மழை குறைந்த கரிசல் பூமி. வேளாண்மையை நம்பி வாழ இயலாத மக்கள். விருதுநகர்ச் சந்தையில் பருத்தியும் மிளகாய் வற்றலும் எண்ணெயும் விற்று வாங்கிப் பழகிய வணிகச் சமூகம். இவை மூன்றும் இதற்குப் பின்புலமாக இருந்தன. விருதுபட்டி என்ற பெயர் விருதுநகர் என்று மாறிய 1923ஆம் ஆண்டே சிவகாசித் தீப்பெட்டித் தொழிலுக்கும் பிறப்பாண்டு. பி. அய்ய நாடாரும் ஏ. சண்முக நாடாரும் 1922இல் கல்கத்தாவுக்குச் சென்று தீப்பெட்டி செய்யும் முறையைக் கற்றுத் திரும்பி, சிவகாசியில் தொழிலைத் தொடங்கினர். இறக்குமதித் தீப்பெட்டியின் மீது அக்காலத்தில் உயர்த்தப்பட்ட சுங்கவரி, ஸ்வீடனின் இயந்திரத் தீப்பெட்டியோடு உள்ளூர்க் கைத்தீப்பெட்டி போட்டியிட வழி செய்தது. 1926இல் பங்காளிகள் பிரிந்தபோது அணில், காக்கா ஆகிய இரு சின்னங்கள் தனித்தனி வழியில் சென்றன.

தீப்பெட்டிக்கு லேபிள் வேண்டும். எழுத்தறியாத வாங்குபவர் சரக்கை அடையாளம் காண்பது படத்தைக் கொண்டே என்பதால், லேபிளின் நிறமும் உருவமும் ஒருமுறைக்கு ஒருமுறை மாறாமல் இருக்க வேண்டும். இந்தத் தேவையை ஊரிலேயே நிறைவேற்றும் பொருட்டு 1920களின் இறுதியில் இங்கு முதல் லித்தோ அச்சகம் எழுந்தது. லித்தோ என்பது, 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஜெர்மனியில் அலோய்ஸ் செனஃபெல்டர் கண்டறிந்த கல்லச்சு முறை. நுண்துளை கொண்ட சுண்ணக் கல்லின்மேல் கொழுப்பு கலந்த மையால் வரைந்து, கல்லை ஈரப்படுத்தினால், வரையாத இடம் நீரை ஏற்று மையைத் தள்ளும். வரைந்த இடம் நீரைத் தள்ளி மையை ஏற்கும். எழுத்தோ உருவமோ மேடாகச் செதுக்கப்பட வேண்டியதில்லை என்பதே இதன் சிறப்பு.

வண்ணப் படமாயின் வேலை பன்மடங்காகும். லித்தோ ஆர்ட்டிஸ்ட் எனப்பட்டவர் மூலப் படத்தைக் கூர்ந்து நோக்கி, அதிலுள்ள மஞ்சள் எவ்வளவு, சிவப்பு எவ்வளவு, நீலம் எவ்வளவு என்று மனத்தால் பிரித்து, ஒவ்வொரு நிறத்துக்கும் தனித்தனிக் கல்லில் புள்ளிகளாக இட்டு வரைவார். ஐந்து நிறமாயின் ஐந்து கற்கள். ஒரே தாள் ஐந்து முறை இயந்திரத்தில் ஏறி இறங்க வேண்டும். நான்கு மூலைகளிலும் இடப்பட்ட சிலுவைக் குறிகள் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்தால்தான் உதடு உதட்டிலும் பொட்டு நெற்றியிலும் நிற்கும். அச்சகத்தார் ரிஜிஸ்டர் என்று சொன்ன இந்தப் பொருத்தம் இம்மி பிசகினாலும் தாள் வீண். காற்றில் ஈரம் மிகுந்த ஊர்களில் தாள் விரிந்து சுருங்குவதால் இப்பொருத்தம் கெடும். தீக்குச்சியும் பின்னாளில் வெடிமருந்தும் உலர உதவிய சிவகாசியின் வறண்ட காற்று, அச்சுக்கும் அதே அளவில் துணை நின்றது.

வேலை முடிந்ததும் கல்லை மணலும் நீரும் இட்டு அரைத்து, பழைய உருவத்தைத் தேய்த்து நீக்கி, புதிய படத்துக்கு அதே கல்லைப் பயன்படுத்துவது வழக்கம். கல் விலை உயர்ந்தது என்பதால் தவிர்க்க இயலாத இச்சிக்கனம், ஆர்ட்டிஸ்ட் கையால் வரைந்த மூலத்தை ஒவ்வொரு முறையும் அழித்தது. படத்தொகுப்பு அறையின் தொட்டியில் தங்கிய துண்டுகள் படம் வெளியானதும் குப்பையானதைப் போலவே, இங்கும் உழைப்பின் தடயம் எஞ்சாமல் போயிற்று. பிற்காலத்தில் கல்லின் இடத்தைத் துத்தநாகத் தகடும், அதனைத் தொடர்ந்து ஆஃப்செட் முறையும் பிடித்தன. தகட்டிலிருந்து ரப்பர்ப் போர்வைக்கும் போர்வையிலிருந்து தாளுக்கும் படம் மாறுவதே ஆஃப்செட்.

திரைச்சீலையிலிருந்து சுவரொட்டிக்கு

லேபிளுக்காக வந்த அச்சகங்கள் லேபிளோடு நிற்கவில்லை. இயந்திரமும் ஆளும் ஆண்டு முழுவதும் வேலை பார்க்க வேண்டும் என்ற வணிகக் கட்டாயம், நாட்காட்டி, சாமி படம், பட்டாசுப் பெட்டி உறை, சினிமா சுவரொட்டி ஆகியவற்றையும் அவர்களை ஏற்கச் செய்தது. ஆடிப்பெருக்கு நாளில் அடுத்த ஆண்டின் நாட்காட்டி ஆல்பங்களை வெளியிடும் வழக்கம் இன்றும் சிவகாசியில் உண்டு. பட்டாசுக்கும் புதுப்படத்துக்கும் தீபாவளியே பெருநாள் என்பதால், அதற்கு முந்தைய மாதங்களில் பட்டாசு உறையும் படச் சுவரொட்டியும் அச்சகத்தின் நேரத்துக்குப் போட்டியிட்டன.

இந்த அச்சகங்களுக்குப் படம் வரைந்து கொடுத்த ஓவியர்களின் வாழ்க்கை, துறைமாற்றத்துக்கு இன்னொரு தெளிவான சான்று. சி. கொண்டையராஜு (1898–1976) சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்றவர். ஊர் ஊராகச் சென்ற நாடகக் குழுவுக்குத் திரைச்சீலை எழுதியவர். அரண்மனைத் தர்பார், காடு, தெரு என்று காட்சிக்கொன்றாக விரியும் அச்சீலைகளில், தொலைவிலிருந்து பார்ப்பவர் கண்ணுக்கும் உருவம் தெளிவாகப் படும்படி எழுத வேண்டும். 1940களின் தொடக்கத்தில் நாடகக் குழுவின் பயணம் கோவில்பட்டியில் முடிந்தபோது அவர் அங்கேயே தங்கி, தேவி ஆர்ட் ஸ்டூடியோவை நிறுவினார். நிழற்படம் எடுப்பதும் அதற்கு வண்ணம் தீட்டுவதும் படம் எழுதுவதுமாக நடந்த அந்தக் கூடத்தில், டி.எஸ். சுப்பையா, எம். ராமலிங்கம், டி.எஸ். அருணாசலம் முதலிய மாணவர்கள் உருவாயினர். கோவில்பட்டியில் எழுதிய படம் பக்கத்துச் சிவகாசியில் அச்சாகி, நாடெங்கும் கடைச் சுவர்களிலும் பூசையறைகளிலும் தொங்கியது. நாடகக் காட்சி, சினிமா பேனர், பத்திரிகை அட்டை, நாட்காட்டி ஆகிய நான்கிலும் பெயர் பெற்ற கே. மாதவனும் இதே மரபைச் சேர்ந்தவர்.

சினிமா சுவரொட்டியும் ஒருவகைத் தொகுப்பே. படப்பிடிப்புத் தளத்தில் ஸ்டில் ஃபோட்டோகிராஃபர் எடுத்த நூற்றுக்கணக்கான நிழற்படங்களிலிருந்து சிலவற்றைத் தேர்ந்து, நாயகனின் முகத்தைப் பெரிதாக்கி, நாயகியை அருகில் நிறுத்தி, சண்டைக் காட்சியைக் கீழ் மூலையில் ஒடுக்கி, இரண்டரை மணி நேரக் கதையை ஒரு நொடிப் பார்வைக்குள் அடக்குவது அதன் வேலை. விளம்பர வடிவமைப்பாளர் முடிவு செய்த அந்த அமைப்பை, லித்தோ ஆர்ட்டிஸ்ட் நிறம் நிறமாகப் பிரித்தார். மிஷின்மேன் மீண்டும் ஒன்றாக்கினார். படம் முடியும் முன்பே சுவரொட்டி ஊருக்குள் வந்துவிடும் என்பதால், கிராமத்துப் பார்வையாளர் ஒரு படத்தைப் பற்றி முதலில் அறிந்தது படத்தொகுப்பாளரின் வெட்டு வழியாக அன்று, இந்தக் கைகளின் வழியாகவே.

எரியும் சுருளும் வெடிபொருள் துறையும்

சிவகாசியின் பட்டாசுத் தொழிலுக்கும் திரைப்படத்துக்கும் வேதியியல் அடிப்படையிலும் சட்டத்தின் வழியிலும் ஓர் உறவு இருந்தது என்பது அதிகம் பேசப்படாதது. தொடக்ககாலத் திரைப்படச் சுருள் செல்லுலாய்ட் என்ற பொருளால் ஆனது. பஞ்சை நைட்ரிக் அமிலத்திலும் கந்தக அமிலத்திலும் இட்டுப் பெறப்படும் நைட்ரோசெல்லுலோஸோடு கற்பூரத்தைச் சேர்த்தால் செல்லுலாய்ட் கிடைக்கும். அதே நைட்ரோசெல்லுலோஸில் நைட்ரஜனின் அளவை உயர்த்தினால் அது துப்பாக்கிப் பஞ்சு என்னும் வெடிபொருளாகிவிடும். எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜனைத் தன்னுள்ளேயே கொண்டிருப்பதால், தீப்பற்றிய நைட்ரேட் சுருள் தண்ணீருக்கடியிலும் எரியும். சூடான விளக்கின் முன் இத்தகைய சுருளை ஓட்ட வேண்டியிருந்ததால்தான், 1918ஆம் ஆண்டின் சினிமாட்டோகிராஃப் சட்டம் தணிக்கையோடு திரையிடும் இடங்களின் பாதுகாப்பையும் உரிமத்துக்குள் கொண்டுவந்தது.

ஃபிலிமைச் சேமிப்பதற்கும் கொண்டுசெல்வதற்கும் 1948இல் தனி விதிகள் வகுக்கப்பட்டன. அவற்றைச் செயற்படுத்தும் பொறுப்பு, பட்டாசு ஆலைக்கு உரிமம் வழங்கும் அதே வெடிபொருள் துறையிடம் தரப்பட்டது. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் வெளிநாட்டுப் பட்டாசு வரத்து நின்று சிவகாசியில் ஆலைகள் பெருகிய காலமும், 1940இன் வெடிபொருள் விதிகளின்கீழ் அவை ஒழுங்குபடுத்தப்பட்ட காலமும், தமிழ்நாட்டு ஸ்டூடியோக்கள் வளர்ந்த காலமும் ஏறத்தாழ ஒன்றே. ஆக, அரசின் பார்வையில் சிவகாசியின் மருந்து அறையும் சென்னையின் ஃபிலிம் கிடங்கும் ஒரே பதிவேட்டின் இரு பக்கங்கள். 1950களில் நைட்ரேட் மறைந்து, எளிதில் தீப்பிடிக்காத அசிட்டேட் சுருள் வழக்குக்கு வந்தது. நைட்ரேட்டோடு சேர்ந்து ஒரு காலத்தின் படைப்புகளும் அழிந்தன. 1931இன் 'காளிதாஸ்' உட்பட, முதற்காலத் தமிழ்ப் படங்களுள் பெரும்பாலானவை இன்று பார்க்கக் கிடைப்பதில்லை. அவற்றை வெட்டி ஒட்டியவர்களின் வேலையை மதிப்பிடும் வாய்ப்பும் அவற்றோடு போயிற்று.

ஆபரேட்டரின் கத்தரி

ஸ்டூடியோவில் முடிந்ததாகக் கருதப்பட்ட படத்தொகுப்பு, உண்மையில் ஊர்த் திரையரங்கில் தொடர்ந்தது. விருதுநகர், சாத்தூர், அருப்புக்கோட்டை போன்ற ஊர்களின் அரங்குகளுக்கும், சிற்றூர்களின் டூரிங் டாக்கீஸ் எனப்பட்ட கீற்றுக் கொட்டகைகளுக்கும் படம் தகரப் பெட்டியில் வந்து சேரும். பெருநகரில் பல வாரம் ஓடித் தேய்ந்த பிரதியே பெரும்பாலும் இங்கு வரும்; பல்துளைகள் கிழிந்தும், கோடுகள் விழுந்தும், ஒட்டுப்போட்ட இடங்கள் பிரிந்தும் இருக்கும். பெட்டியைத் திறந்தவுடன் ஆபரேட்டர் செய்யும் முதல் வேலை, சுருளை இரண்டு சக்கரங்களுக்கிடையே மெல்லச் சுழற்றி, ஓரத்தை விரல்நுனியால் தடவிக்கொண்டே போவது. கிழிசல் விரலில் தட்டிய இடத்தில் வெட்டி, ஃபிலிமின் மேற்பூச்சைச் சுரண்டி, சிமெண்ட் எனப்படும் பசையைத் தடவி அழுத்தி ஒட்டுவார். ஒவ்வோர் ஒட்டுக்கும் ஓரிரு சட்டங்கள் குறையும். படம் நூறு ஊர் சுற்றி முடிப்பதற்குள் ஒரு சொல்லோ ஒரு பார்வையோ காணாமற்போயிருக்கும். நேரம் போதாதபோது பாட்டையோ நகைச்சுவைக் காட்சியையோ நீக்கிவிடுவதும் உண்டு.

ஓட்டும் வேலையும் எளிதன்று. இரண்டு கரிக்கோல்களுக்கிடையே எழும் மின்வில்லே விளக்கு. கோல்கள் எரிந்து குறையக் குறைய இடைவெளியைச் சரிசெய்துகொண்டே இருக்க வேண்டும், இல்லையெனில் திரை மங்கும், கொட்டகை கூச்சலிடும். இரண்டு கருவிகள் உள்ள அரங்கில், ஒரு சுருள் முடியும் தறுவாயில் திரையின் வலது மேல் மூலையில் தோன்றும் புள்ளியைக் கண்டு மறு கருவியை முடுக்கி, அடுத்த புள்ளியில் ஒளியை மாற்ற வேண்டும். அவ்விரு புள்ளிகளுக்கும் இடையே ஏழெட்டு நொடிகளே உண்டு. பெட்டி தூக்குபவராகவோ, டிக்கெட் கிழிப்பவராகவோ சேர்ந்த சிறுவன், சுருள் சுற்றக் கற்று, ஒட்டக் கற்று, கரி மாற்றக் கற்று, உரிமம் பெற்ற ஆபரேட்டராக உயர்வதே இங்குள்ள படிவரிசை. சென்னைப் படத்தொகுப்பு அறையின் அப்ரெண்டிஸுக்கும் இவருக்கும் கற்றுக்கொள்ளும் முறையில் வேறுபாடில்லை. மேலே ஏறும் படிகள் எங்கே முடிந்துவிடுகின்றன என்பதில்தான் வேறுபாடு. அப்ரெண்டிஸுக்கு மேலே இயக்குநர் நாற்காலி இருந்தது. ஆபரேட்டருக்கு மேலே அரங்கின் கூரை மட்டுமே இருந்தது.

'வெயில்' காட்டிய ஊர்

இந்த வேறுபாட்டைத் திரையிலேயே பதிவு செய்த படம் விருதுநகரிலிருந்தே வந்தது. அவ்வூரைச் சேர்ந்த வசந்தபாலன், இயக்குநர் ஷங்கரிடம் 'ஜென்டில்மேன்' தொடங்கிப் பல படங்களில் உதவியாளராக இருந்தவர். அப்படங்களைத் தொகுத்தவர்கள் லெனினும் விஜயனும் என்பதால், பஞ்சுவின் மேசையில் தொடங்கிய தொழில் மரபு இவர் பணியாற்றிய குழுவரை நீண்டிருந்தது. 2006இல் அவர் இயக்கி, ஷங்கரின் நிறுவனம் தயாரித்த 'வெயில்', சினிமா பார்த்ததற்காகத் தந்தையால் தண்டிக்கப்பட்டு வீட்டைவிட்டு ஓடி, ஒரு திரையரங்கில் அடைக்கலம் புகுந்து, ஆபரேட்டராக வளரும் முருகேசனின் கதை. அரங்கு மூடப்பட்டபோது அவன் கற்ற தொழிலுக்கு வெளியில் விலையில்லை. வெறுங்கையோடு விருதுநகருக்குத் திரும்புகிறான். அங்கே அவனுடைய தம்பி விளம்பர நிறுவனம் நடத்துகிறான். ஒரே வீட்டின் இரு பிள்ளைகளில் ஒருவன் படம் காட்டுபவனாகவும், மற்றவன் விளம்பரம் செய்பவனாகவும் அமைந்தது, இவ்வட்டாரம் திரைப்படத்தோடு கொண்ட உறவின் இரு முகங்களையும் காட்டுகிறது. மதன் குணதேவா தொகுத்த இப்படம், சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதைப் பெற்று, கான் திரைப்பட விழாவிலும் இடம்பெற்றது.

இதற்குப் பதினாறு ஆண்டுகளுக்கு முன்பே, சலம் பென்னூர்கர் இயக்கிய 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' என்ற ஆவணப்படம் இவ்வட்டாரத்தின் மறுபக்கத்தைக் காட்டியிருந்தது. குச்சி அடுக்கியும் பெட்டி ஒட்டியும் குழந்தைகள் கழித்த பொழுதுகளை அது நாடறியச் செய்தது. சிவகாசிக் குழந்தைத் தொழிலாளர் தொடர்பாக எம்.சி. மேத்தா தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996இல் தீர்ப்பளித்தது. வேலையிடமே பள்ளிக்கூடம் என்ற ஏற்பாட்டைப் புகழும்போது இதனை மறப்பதற்கில்லை. கைத்தொழில் கற்று மேலே போக வழியிருந்த இடத்தில் அது பயிற்சி. வழியே இல்லாத இடத்தில் அது குழந்தைப் பருவத்தைப் பறித்த உழைப்பு.

கணினிக்குப் பின்

1990களின் நடுவில் தமிழ்ப் படத்தொகுப்பு கணினிக்கு மாறத் தொடங்கியது. ஏவிட் முதலிய மென்பொருள்களில் துண்டு தொலைவதில்லை, வெட்டியதை மீட்கலாம், ஒரே காட்சியைப் பத்து விதமாக அடுக்கிப் பார்க்கலாம். ஆனால் துண்டைத் தேடி எடுக்கவும், எண்ணிடவும், ஒட்டவும் தேவைப்பட்ட உதவியாளர்கள் தேவைப்படாமல் போயினர். முன்பு அவர்கள் துண்டை நீட்டிக்கொண்டே எடிட்டரின் தோளருகில் நின்று, அவர் ஏன் ஆறு சட்டம் முன்னதாக வெட்டினார் என்பதைக் கண்ணால் கண்டனர். இப்போது உதவியாளர் இன்னொரு கணினியில், பெரும்பாலும் இரவு நேரத்தில், கோப்புகளை வகைப்படுத்துகிறார். தேர்வு நடக்கும் வேளையில் அவர் அறையில் இருப்பதில்லை. 2010களின் தொடக்கத்தில் அரங்குகள் எண்ணியல் கருவிக்கு மாறியபோது, நெகட்டிவ் வெட்டுநரும், ஆய்வகத்தாரும், பெட்டி சுமந்தவரும், ஆபரேட்டரும் சில ஆண்டுகளுக்குள் ஒருங்கே தொழிலிழந்தனர்.

சிவகாசியிலும் மாற்றம் இதே வரிசையில் நிகழ்ந்தது. நிறம் பிரிக்கும் வேலையை முதலில் கேமராவும், பின்னர் ஸ்கேனரும், இறுதியில் கணினியிலிருந்து நேரே தகட்டுக்குச் செல்லும் முறையும் எடுத்துக்கொண்டன. கையால் எழுதிய பேனரை ஃப்ளெக்ஸ் அகற்றியது. சுவரொட்டியின் இடம் கைப்பேசித் திரைக்குச் சென்றது. எனினும் அச்சகங்கள் அழியவில்லை. நாட்காட்டி, பாடநூல், குறிப்பேடு, பெட்டி உறை என்று வேலையை மாற்றிக்கொண்டு அவை நிலைத்தன. தீப்பெட்டியிலிருந்து லேபிளுக்கும் லேபிளிலிருந்து சுவரொட்டிக்கும் நகர்ந்து பழகிய ஊருக்கு இன்னொரு நகர்வு அரிதாக இருக்கவில்லை. தனி மனிதர்களின் நிலை அவ்வாறன்று. அச்சகம் சரக்கை மாற்றலாம். ஐம்பது வயதில் லித்தோ ஆர்ட்டிஸ்டோ ஆபரேட்டரோ தொழிலை மாற்றுவது கடினம். துறைமாற்றம் என்பது அடுத்த துறையின் கதவு பக்கத்திலேயே திறந்திருந்தவரை மட்டுமே வாய்த்த வசதி என்பதை இவ்வரலாறு உணர்த்துகிறது.

பழைய சுவரொட்டிகளையும் நாட்காட்டிகளையும் ஆராய்வோர், அவற்றின் அடியோரத்தில் சிறிய எழுத்தில் அச்சகத்தின் பெயரையும் ஊரையும் காணலாம்; நிறம் பிரித்தவரின் பெயர் அங்கே இராது. படத்தின் பெயர்ப்பட்டியலில் படத்தொகுப்பாளருக்குத் தனி அட்டை உண்டு. அவருடைய உதவியாளர்கள் ஒரே அட்டையில் நெருங்கி நிற்பர். நெகட்டிவ் வெட்டியவர் சில படங்களில் இருப்பார், சிலவற்றில் இருக்கமாட்டார். ஆனால் உதவியாளர் பட்டியலில் ஓர் ஆண்டில் இருந்த பெயர் சில ஆண்டுகள் கழித்துப் படத்தொகுப்பாளராகவும், பின்னர் இயக்குநராகவும் மேலேறுவதை இந்த அட்டைகளைக் கொண்டே தொடர முடிகிறது. பாதி வழியில் மறைந்துபோன பெயர்களையும் அவையே காட்டிக்கொடுக்கின்றன. அச்சகத்தின் ஓர வரியும் படத்தின் உதவியாளர் அட்டையும் ஒரே தொகுப்பாகச் சேர்த்து வாசிக்கப்படுமானால், நட்சத்திரங்களின் வரிசையாக இதுவரை எழுதப்பட்ட தமிழ்த் திரைப்பட வரலாற்றைத் தொழில்களின் வரலாறாகவும் எழுத இயலும். அத்தகைய வரலாற்றில் கோடம்பாக்கத்துக்குக் கிடைக்கும் பக்கங்களுள் கணிசமான ஒரு பங்கைச் சிவகாசியும் கோவில்பட்டியும் விருதுநகரும் உரிமையோடு கோரும்.